போடலாம் என்றேன்

"கையெழுத்துப் போடலாமா?" என்று கேட்டார். "போடலாம்" என்றேன்.

நடந்தது இவ்வளவுதான். போர்ச்சுக்கீசிய மொழியில் இன்னும் சுருக்கம். "போஸு?" என்றார் அவர். "போஜி" என்றேன் நான். இரண்டும் சேர்ந்து ஒரு நொடிகூட ஆகியிருக்காது. ஏறத்தாழ இரண்டு ஆண்டாக அந்த ஒரு நொடியிலிருந்து என்னால் எழுந்து வர முடியவில்லை.

கால்பந்து வீரர்களுக்கு அணி தேடித் தரும் முகவர் ஒருவருக்காக ஒப்பந்தங்களை ஆங்கிலத்திலிருந்து போர்ச்சுக்கீசியத்துக்கு மொழிபெயர்த்துத் தருவது என் வேலை. பிறகு வீரரை எதிரில் உட்காரவைத்து ஒவ்வொரு பிரிவாக வாசித்துக் காட்ட வேண்டும். பக்கத்துக்கு இவ்வளவு என்று கூலி. கூலி கொடுப்பவர் முகவர். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் பிற்பாடு யோசிக்கும்போதெல்லாம் இந்த இடத்தில் வந்துதான் முட்டிக்கொள்கிறேன்.

அன்று வாசித்தது பிரேசில் வீரர் ஒருவருக்கு ஆசிய நாடு ஒன்றின் இரண்டாம் பிரிவு அணி அனுப்பிய பத்து மாத ஒப்பந்தம். நான்காம் பக்கத்தில் ஒரு பிரிவு இருந்தது. முதல் அறுபது நாளுக்குள் அணியின் மருத்துவர் உடல்தகுதி போதாது என்று அறிக்கை கொடுத்தால் ஒப்பந்தம் முடிந்துபோகும், இழப்பீடு கிடையாது. பிழையில்லாமல், நிறுத்தி நிதானமாக வாசித்தேன். வாசிக்கும்போது அவருடைய வலது கை மேசையிலிருந்து இறங்கி வலது முழங்காலின்மேல் போய் அமர்ந்தது. தேய்க்கவில்லை, தடவவில்லை. தூங்கும் குழந்தையின்மேல் வைப்பதுபோல் உள்ளங்கையை வைத்தார், அவ்வளவுதான். நான் பார்த்தேன். பார்த்துவிட்டு ஐந்தாம் பக்கத்துக்குப் போனேன்.

வாசித்து முடித்த பிறகுதான் அந்தக் கேள்வி வந்தது.

தமிழில் 'போடலாம்' என்றால் என்ன பொருள்? தடை ஒன்றும் இல்லை என்பதும் அதுதான். போடுங்கள், நல்லது என்று ஊக்குவதும் அதுதான். போர்ச்சுக்கீசியத்தின் 'போஜி'யும் கிட்டத்தட்ட அதே சாதி. வாசிப்பு முடிந்தது, தாள் ஒழுங்காக இருக்கிறது, இனி உங்கள் விருப்பம் என்ற பொருளில்தான் நான் சொன்னேன். அப்படித்தான் சொன்னேன் என்று பல மாதம் நம்பினேன். ஆனால் கேட்டவர் தாளைப் பற்றியா கேட்டார்? முழங்காலின்மேல் கை வைத்திருப்பவன் தாளைப் பற்றிக் கேட்பானா?

அவருக்கு அப்போது இருபத்தெட்டு வயது. விளையாடிய இடம் நடுக்களத்தின் பின்பகுதி. பிரேசிலில் அந்த இடத்துக்கு 'வொலாஞ்சி' என்று பெயர். 1938-இல் பிளமெங்கோ அணிக்கு வந்த கார்லோஸ் வொலாஞ்சி என்ற அர்ஜென்டினாக்காரரின் பெயரே அந்த இடத்துக்கு ஒட்டிக்கொண்டது என்பார்கள். வாகனத்தின் திசைமாற்றிச் சக்கரத்துக்கும் அதே சொல். பக்கவாட்டுத் தடுப்பாளர் முன்னேறி ஓடும்போது அவர் விட்டுப்போன வெற்றிடத்தில் போய் நிற்பது, எதிரணியின் பந்து வரும் வழியை முன்கூட்டியே அடைப்பது போன்றவைதான் இவர்கள் வேலை. சரியாகச் செய்தால் எதுவும் நடக்காது. மூன்று நிமிட வீடியோ ஒன்றை வெட்டி ஒட்டி அயல்நாடுகளுக்கு அனுப்பி விற்கும் தொழிலில், எதுவும் நடக்காமல் பார்த்துக்கொண்டவனை எப்படிக் காட்டுவது? கோல் அடிப்பவனைக் கேட்டு ஓலை வரும், இவர்களைக் கேட்டு அபூர்வமாகத்தான் வரும். அன்றைக்கு வந்திருந்தது. அதனால் அது வாய்ப்பு என்று நான் நினைத்ததில் தவறில்லை. இப்போதும் அப்படித்தான் நினைக்கிறேன்.

அவர் கொண்டுவந்த பிளாஸ்டிக் உறையில் பாஸ்போர்ட்டோடு நீல அட்டை போட்ட பணிப் புத்தகமும் இருந்தது. பிரேசிலில் தொழிலாளி என்று பதிவான ஒவ்வொருவரிடமும் இருந்த புத்தகம். இப்போது அது கைப்பேசிக்குப் போய்விட்டது. பழைய ஆள்கள் தாள் புத்தகத்தையும் பத்திரமாக வைத்திருக்கிறார்கள். வேண்டிய எண்ணைத் தேடிப் புரட்டியபோது அவருடைய பத்தாண்டு வாழ்க்கை பக்கம் பக்கமாகப் போனது. வேலைக்குச் சேர்ந்தது ஜனவரி, விலகியது ஏப்ரல். அடுத்த பக்கம், வேறு ஊர், வேறு முத்திரை, ஜனவரி, ஏப்ரல். மறுபடி ஜனவரி, ஏப்ரல். நடுவே ஒரு பக்கத்தில் பேரங்காடியில் சரக்கு அடுக்கும் வேலை, ஜூன் முதல் டிசம்பர் வரை. இன்னொரு பக்கத்தில் கிடங்கு ஒன்று. பிறகு மறுபடி ஜனவரி.

ஜனவரியில் மாநிலப் போட்டிகள் தொடங்கும். அவர் ஆடிய ஆண்டுகளில் ஏப்ரலிலோ மே மாதத்திலோ முடிந்துவிடும். தேசிய அளவில் நான்கு பிரிவுகள் உண்டு. கடைசிப் பிரிவான 'டி' 2009-இல்தான் வந்தது. அதிலும் இடம் கிடைக்காத சிறு அணிகள் ஆண்டின் மிச்ச மாதங்களில் மைதானத்தைப் பூட்டிவிடும், அல்லது ஏதாவது கோப்பைப் போட்டியில் பாதிச் சம்பளத்துக்கு ஆடும். விளையாட்டு அமைச்சராக இருந்த பெலேயின் பெயரால் 1998-இல் வந்த சட்டம், வீரர் ஒப்பந்தம் மூன்று மாதத்துக்குக் குறையக் கூடாது என்றது. குறையக் கூடாது என்று வைத்த எல்லையே பலருக்கு முழு அளவாகிப்போனது. 2013-இல் பெரிய அணிகளின் வீரர்களே 'பொம் சென்சு' என்ற இயக்கமாகச் சேர்ந்து ஆட்டம் தொடங்கியதும் கைகட்டி நின்றார்கள். சிறு அணிகளுக்கும் ஆண்டு முழுவதும் ஆட்டம் வேண்டும் என்பது அவர்கள் கேட்டவற்றில் ஒன்று.

2015-ஆம் ஆண்டுப் பதிவை வைத்துப் பிரேசில் கால்பந்துக் கூட்டமைப்பு ஒரு கணக்கு வெளியிட்டது. தொழில்முறை வீரர்கள் 28,203 பேர். அவர்களில் 23,238 பேருக்கு மாதச் சம்பளம் 1,000 ரெயாலைத் தாண்டவில்லை. அந்த ஆண்டு நாட்டின் குறைந்தபட்ச ஊதியம் 788 ரெயால். உலகம் பிரேசில் என்றால் மஞ்சள் சட்டையை நினைக்கிறது. எனக்கு இப்போதெல்லாம் நீல அட்டைதான் நினைவுக்கு வருகிறது.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், பத்து மாதச் சம்பளம் என்ற சொல் அவர் காதில் எப்படி விழுந்திருக்கும் என்று உங்களுக்குத் தெரிய வேண்டும். அதுவரை தொடர்ந்தாற்போல் பத்து மாதம் அவருக்கு யாரும் கால்பந்துக்காகச் சம்பளம் கொடுத்ததில்லை. நான் "வேண்டாம்" என்று சொல்லியிருந்தாலும் போட்டிருப்பார். இந்த வாதத்தை மனைவியிடம் சொன்னேன், நண்பர்களிடம் சொன்னேன். எல்லாரும் தலையாட்டினார்கள்.

தலையாட்டியவர்களிடம் இரண்டு விஷயங்களை நான் சொல்லவில்லை.

வாசிப்பதற்கு முன் முகவர் வரத் தாமதமானதால் நாங்கள் இருவரும் காபி குடித்தோம். பதற்றமாக இருந்தார். அதைத் தணிக்க பவுலின்யோவின் கதையை எடுத்தேன். அவரும் நடுக்கள வீரர்தான், ஏழைப் பிள்ளைதான். இருபது வயது ஆகும் முன்பே லிதுவேனியாவின் வில்னியஸில் ஆடினார், போலந்தின் லோட்ஸில் ஆடினார். பிறகு பிரேசிலின் கொரிந்தியன்ஸ் அணி, 2012 டிசம்பரில் யோகோஹாமாவில் இங்கிலாந்தின் செல்சியைத் தோற்கடித்து உலகக் கிளப் கோப்பை, 2017-இல் பார்சிலோனா. உற்சாகமாகச் சொன்னேன். அவர் முகம் தெளிந்தது. எனக்கு நிறைவாக இருந்தது.

ஆனால் கதையின் நடுப்பகுதியை விட்டுவிட்டேன். அயல்நாடு போனதால் பவுலின்யோ உயரவில்லை. நிறவெறி ஏச்சும் தனிமையுமாக நொந்து, பந்தே வேண்டாம் என்ற நினைப்போடு 2008-இல் திரும்பினார். சாவோ பாவுலோ மாநிலத்தின் நான்காம் பிரிவில் மறுபடி அடியிலிருந்து தொடங்கினார். ஊர் திரும்பியதுதான் அவரைத் தூக்கிவிட்டது. எதிரில் இருந்தவர் போகப் போகிறவர் என்பதால் போனதை மட்டும் சொன்னேன். அதற்குப் பத்து நிமிடம் கழித்துத்தான் "போஸு?" என்ற கேள்வி. அந்தக் காபிக்குப் பிறகு என் "போஜி" வெறும் தாளைப் பற்றியதாக இருக்க முடியுமா?

இரண்டாவது விஷயம் அதைவிடக் கனமானது. உலகக் கால்பந்து அமைப்பான ஃபிஃபாவின் வீரர் இடமாற்ற விதிகளில் 18-ஆம் பிரிவின் நான்காம் உட்பிரிவு, ஒப்பந்தம் செல்லுபடியாவதை மருத்துவச் சோதனையின் முடிவோடோ வேலை அனுமதியோடோ கட்டக் கூடாது என்கிறது. சோதனை செய்வதானால் கையெழுத்துக்கு முன்னால் செய்துகொள்ள வேண்டும். இந்த வரியை அதற்கு முந்தைய ஆண்டு வேறொரு கோப்புக்காக நானே மொழிபெயர்த்திருந்தேன். நான்காம் பக்கத்தை வாசித்தபோது ஏதோ ஒன்று தட்டியது. தட்டியது என்பதற்குமேல் நினைவில்லை. தெளிவாகத் தெரிந்துதான் வாயை மூடிக்கொண்டேனா, பின்னால் தெரிந்ததை முன்பே தெரிந்ததாக இப்போது கற்பனை செய்கிறேனா என்று எனக்கே புலப்படவில்லை. சில நாள் ஒன்று உண்மையாகத் தோன்றுகிறது, சில நாள் மற்றது.

நான் வழக்கறிஞன் அல்லன். மொழிபெயர்ப்பவன் தன் கருத்தை நுழைக்கக் கூடாது என்பதுதான் இத்தொழிலின் முதல் ஒழுக்கம். அந்த ஒழுக்கத்தை நான் மதிக்கிறேன். அப்படியானால் பவுலின்யோவின் கதையை எந்த ஒழுக்கத்தின்படி சொன்னேன்?

ஆகஸ்டில் போனார். ஏழாவது வாரத்தில் மருத்துவ அறிக்கை வந்தது. வலது முழங்கால், பழைய அறுவை சிகிச்சை. அந்தப் பிரிவு அப்படியே வேலை செய்தது. அக்டோபர் கடைசியில் ஒன்றரை மாதச் சம்பளத்தோடு திரும்பினார். ஜனவரியில் எந்த அணியும் கூப்பிடவில்லை. அறிக்கையின் செய்தி அவருக்கு முன்பே ஊர் வந்து சேர்ந்திருந்தது. இப்போது பகலில் கிடங்கு வேலை. ஞாயிறுகளில் 'வார்சியா' என்னும் பேட்டைக் கால்பந்து. முன்னாள் தொழில்முறை வீரர்களுக்கு அங்கே ஆட்டத்துக்கு இவ்வளவு என்று கையில் கொடுக்கிறார்கள். சில மாதங்களில் மூன்றாம் பிரிவுச் சம்பளத்தைவிட அதிகமாகவே வருகிறது என்றார். ஒருவேளை நன்றாகத்தான் இருக்கிறாரோ? இப்படி நினைப்பது எனக்கு வசதியாக இருக்கிறது. அதனாலேயே இந்த நினைப்பை நம்பத் தயக்கமாகவும் இருக்கிறது.

திரும்பி வந்து சில வாரம் கழித்து ஒரு குரல் செய்தி அனுப்பியிருந்தார். பின்னால் பந்து சுவரில் மோதி மோதித் திரும்பும் சத்தம், சிறு பையனின் கூச்சல். "செனோர், என்மேல் வருத்தம் வேண்டாம். பயமாகத்தான் இருந்தது. நீங்கள் போடலாம் என்று சொன்னதும் தைரியம் வந்தது. அதற்கு நன்றி" என்றார். திட்டியிருந்தால் பதில் சொல்லியிருப்பேன். நன்றிக்கு என்ன பதில் சொல்வதென்று தெரியாமல் கைப்பேசியைக் கவிழ்த்து வைத்தேன்.

அதன்பிறகு யார் கேட்டாலும் "அது என் வேலை இல்லை" என்று சொல்லப் பழகிக்கொண்டேன். சென்ற மாதம் இருபத்தொரு வயதுப் பையன் ஒருவன் கேட்டபோதும் அதையேதான் சொன்னேன். அவன் முகம் சுருங்கியது. தனியாகக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனான். அவனுக்கு நான் செய்தது சரியா? முன்னவருக்குச் செய்ததைவிட இது எந்த வகையில் மேல்?

அந்த இரவுதான் பழைய ஒப்பந்தத்தை எடுத்து, 18-ஆம் பிரிவைப் பக்கத்தில் வைத்து, ஃபிஃபாவின் தீர்ப்பாயத்துக்கு ஒரு முறையீட்டை எழுதினேன். வீரர்களின் சம்பள வழக்குக்கு அங்கே கட்டணம் இல்லை. இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும். எனக்குத் தெரிந்த வழக்கறிஞர் ஒருவர் படித்துவிட்டு, வழக்கு நிற்கும் என்றார். வரைவை அந்த வீரருக்கு அனுப்பினேன். இந்த முறை எதையும் விடாமல் எழுதினேன். வழக்குப் போட்ட வீரன் என்று பெயர் வந்தால் ஊர் அணிகள் தயங்கலாம் என்பதையும், என் முகவருக்குத் தெரிந்தால் எனக்கு அந்த அலுவலகத்தில் வேலை இருக்காது என்பதையும்கூட.

மறுநாள் காலையிலேயே பதில் வந்துவிட்டது. வரும் ஜனவரிக்கு ஒரு சிறு அணி கூப்பிடும்போல் இருக்கிறதாம். முழங்கால் இப்போது பரவாயில்லையாம். கடைசியில் ஒரே ஒரு வரி: "அனுப்பலாமா, செனோர்?"

இன்றோடு பதினொரு நாள் ஆகிறது. காலக்கெடு முடிய இன்னும் நான்கு மாதம் இருக்கிறது. நான் பதில் எழுதவில்லை.