மறிவேலி நாட்குறிப்பு

2025 மாசி 8, சனி

நான் எழுதுகிற கதையின் கற்பனைக் கடலான ஓரியாழியின் படத்தைக் கீறி முடித்துவிட்டேன். மேலைக்கரை, கீழைக்கரை, நடுவில் நல்ல காற்றுக்கு ஒரு பகலில் பாய்விரித்துக் கடக்கக்கூடிய ஆழமில்லாத கடல். அதன் குறுக்கே மறிவேலி என்ற மந்திர வேலி. முந்நூறு வருசமாக ஒரு வள்ளமும் அதைத் தாண்டியதில்லை.

வானத்தைத் தொடும் ஒளிச்சுவர், கிட்டப் போனால் எரிக்கும் நெருப்பு என்றெல்லாம் எழுத மனம் வரவில்லை. பருத்தித்துறைக் கரையில் நின்றால் கோடிக்கரை ஏறக்குறைய 65 கிலோமீற்றர்தான். நடுவில் தண்ணீரைத் தவிர ஒன்றும் கண்ணில் படாது. ஆனாலும் 1974இலும் 1976இலும் இரண்டு அரசுகள் ஒப்பமிட்ட எல்லைக்கோடு அந்தத் தண்ணீரில் இருக்கிறது. அதைத் தாண்டித் தொழில் செய்து பிடிபட்டவர்கள் இரண்டு கரையிலும் சிறையில் இருந்திருக்கிறார்கள். என் வேலியும் கண்ணுக்குத் தெரியக்கூடாது.

மாசி 11, செவ்வாய்

பின்னேரம் பண்ணைப் பாலத்தடியில் குருநகர்ச் சித்தப்பாவோடு நின்றேன். களப்புக்குள்ளே சிறகுவலைத் தடிகள் வரிசையாக நின்றன. "இது மீனை மறிக்கிறதோ சித்தப்பா?" என்று கேட்டேன்.

"மறிச்சால் அது திரும்பிப் போயிடும், பிள்ளை. சிறகைக் கண்ட மீன் அதின்ரை கரையாலேயே போகும். தன்ரை பாட்டிலை போறன் எண்டுதான் அது நினைக்கும். கடைசியிலை அடைப்புக்குள்ளை நிக்கும்."

வேலிக்கு வழி கிடைத்துவிட்டது. மறிவேலி எவரையும் நிறுத்தாது, திருப்பிவிடும். தண்டயல் சுக்கானை நேரேதான் பிடித்திருப்பான். நீரோட்டம் அவன் அறியாமல் வள்ளத்தை வளைத்துக்கொண்டு போகும். விடியும்போது எதிரே கரை தெரியும், எல்லாரும் ஆர்ப்பரிப்பார்கள். கிட்டப் போனால் சொந்த ஊர்க் கோயில் கோபுரம்.

வானத்து வெள்ளிகள் மட்டும் பொய் சொல்லாது. வள்ளத்தின் முன்பக்கத்து அணியத்தில் படுத்துக்கொண்டு மேலே பார்க்கிற ஒரு பிள்ளைக்கு வள்ளம் திரும்புவது தெரிந்துவிடும். அந்தப் பிள்ளைக்கு அல்லி என்று பெயர் வைத்திருக்கிறேன்.

மாசி 12, புதன்

காற்று வேலியைக் கடக்கும். வாடையும் சோளகமும் இரண்டு கரைக்கும் பொது. மீனும் கடக்கும். மேலைக்கரை வலையில், கீழைக்கரைக்காரர் வால் நறுக்கி விட்ட மீன் அகப்பட வேண்டும்.

மாசி 16, ஞாயிறு

இவ்வளவு நாளும் ஒத்திவைத்த கேள்வி இது: வேலி எதன் பலத்தில் நிற்கிறது? செத்துப்போன மந்திரவாதி ஒருவரின் உச்சாடனம் என்று எழுதினால் அது எவருக்கும் சுமையில்லை. சுமையில்லாத மந்திரத்தில் எனக்கு நம்பிக்கை இல்லை. கரையிலிருக்கிற சனம் அதற்கு ஏதோ ஒன்றைக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும்.

எங்கள் கிணறுகளை நினைத்துக்கொண்டேன். யாழ்ப்பாணக் குடாநாட்டில் வருசம் முழுக்க ஓடுகிற ஆறு இல்லை. மாரி மழை சுண்ணக்கல்லுக்குள் இறங்கி, கீழேயுள்ள உப்புநீரின் மேல் மிதக்கிறது, நன்னீர் பாரம் குறைந்தது என்பதால். கடல் மட்டத்துக்கு மேல் 1 அடி நன்னீர் நின்றால், கீழே ஏறக்குறைய 40 அடிக்கு நன்னீர் இருக்கும் என்பது கணக்கு. அளவுக்கு மிஞ்சி இறைத்தால் அடியிலிருந்து உவர் ஏறும். கடலோரம் இருக்கிற கீரிமலைக் கேணிக்குள் ஊறுவதும் இந்தக் கல்லுக்குள்ளால் வருகிற தண்ணீர்தான்.

ஓரியாழியிலும் இப்படித்தான். நிலத்தடி நன்னீர் கடலடிக் கல்லுக்குள்ளால் போய், நடுக்கடலில் ஊற்றாகக் கிளம்புகிறது. அந்த ஊற்றுகளின் வரிசையில்தான் மறிவேலி நிற்கிறது. வேலி நிற்க நிற்கக் கரையோரக் கிணறுகள் ஒவ்வொன்றாக உவர்க்கின்றன. எதிர்க்கரைக்குப் பயந்து வேலியைக் கேட்டவர்கள் உள்நாட்டு மாளிகைகளில் இருந்தவர்கள். உப்புத் தண்ணியில் சோறு காய்ச்சுகிறவர்கள் அல்லியின் ஆட்கள்.

எழுதி முடிக்க நெஞ்சு கனத்தது. இந்த அத்தியாயத்தை மாற்றப்போவதில்லை.

பங்குனி 2, ஞாயிறு

கச்சதீவு அந்தோனியார் திருவிழாவுக்குக் குறிகாட்டுவானில் படகு ஏறுவது பற்றித்தான் ஊரில் பேச்சு. இரண்டு கரைச் சனமும் ஒரு மணல்தீவில் ஒன்றாகச் செபிப்பது. 1974 ஒப்பந்தத்திலேயே, இந்திய யாத்திரிகர் அங்கு வரக் கடவுச்சீட்டோ வீசாவோ தேவையில்லை என்று இருக்கிறது. இதை நினைக்கிறபோதெல்லாம் எனக்கு மனம் நிறைகிறது.

ஓரியாழிக்கும் ஒரு திட்டி வேண்டும். வேலிக்குத் தண்ணீரில்தான் பிடி, மணலில் இல்லை. ஆகவே ஊற்று வரிசையின் நடுவே ஒரு மணல்திட்டி. இரண்டு கரை வள்ளங்களும் இரண்டு பக்கத்தாலும் அதில் தட்டி நிற்கும். வருசத்தில் ஓர் இரவு அங்கே கூடலாம், உறவு விசாரிக்கலாம், கருவாடு மாற்றலாம்.

அப்படியானால் அந்தப் பக்க வள்ளத்தில் ஏறிப் போய்விடலாமே? போகலாம். வேலி தடுக்காது. அதனால்தான் தலை எண்ணுகிறார்கள். புறப்பட்ட தலைக்கும் திரும்பிய தலைக்கும் கணக்குத் தப்பினால், அந்த ஊரின் கடைசி நல்ல தண்ணிக் கிணற்றை மண்போட்டு மூடுவார்கள்.

அல்லி அந்த இரவில் எதிர்க்கரை வள்ளத்தில் ஏறுகிறாள். கரையில் தலை எண்ணுகிறவர் அவளுடைய தாய்மாமன். அவர் எத்தனை என்று சொல்லப்போகிறார் என்பதை இன்றிரவு எழுதத் தொடங்குகிறேன்.