விபத்து இழப்பீட்டு வழக்கு: அண்ணனின் பள்ளிப் பதிவேடு காப்பாற்றிக் கொடுத்த தொகை

என் அண்ணன் கொத்தனார். உளுந்தூர்பேட்டைப் பக்கம் வேலை முடித்துவிட்டு இரவில் பைக்கில் வரும்போது பின்னால் வந்த லாரி மோதி இறந்துபோனார். அண்ணி, இரண்டு பிள்ளைகள், அம்மா என நாலு பேரும் அவர் கூலியை நம்பித்தான் இருந்தார்கள். இழப்பீட்டு வழக்குக்கு அலைந்தது நான். இதே நிலையில் நிற்கும் குடும்பங்களுக்குப் பயன்படட்டும் என்று எழுதுகிறேன்.

பிணவறை வாசலிலேயே ஒருவர் வந்து, "கையெழுத்து மட்டும் போடுங்க, மத்ததை நாங்க பாத்துக்கிறோம்" என்று எழுதாத தாளை நீட்டினார். அந்த நேரத்தில் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். தெரிந்தவர்களிடம் விசாரித்து நீங்களே வக்கீலைப் பாருங்கள். விபத்து நடந்த ஊரில்தான் வழக்குப் போட வேண்டும் என்பதும் இல்லை. குடும்பம் வசிக்கும் ஊரில், விபத்து இழப்பீட்டு வழக்குகளை விசாரிக்கும் தீர்ப்பாயத்திலேயே போடலாம். அதனால் அண்ணிக்குத் திண்டிவனத்தைத் தாண்டி அலைய வேண்டியிருக்கவில்லை. ஆனால் 2022 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த விதிப்படி, விபத்து நடந்த நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் போட வேண்டும் என்ற கெடு இருக்கிறது. காரியம் முடியட்டும், வருஷம் திரும்பட்டும் என்று தள்ளிப்போட வேண்டாம்.

முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனை அறிக்கை, மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை, குற்றப்பத்திரிகை எல்லாம் காவல் நிலையம் வழியாகத்தான் வர வேண்டும். விபத்து நடந்த 48 மணி நேரத்தில் முதல் விபத்து அறிக்கையையும், 90 நாளில் விரிவான அறிக்கையையும் போலீசார் தீர்ப்பாயத்துக்குக் கொடுக்க வேண்டும் என்று விதி சொல்கிறது. எங்கள் விஷயத்தில் கேட்டுக் கேட்டுத்தான் நகர்ந்தது. கேளுங்கள், அது உங்கள் உரிமை. வாரிசுச் சான்றிதழில் அம்மா பெயர் விட்டுப்போகாமல் பாருங்கள். இறந்தவரை நம்பி இருந்தவர்கள் மூன்று பேர் என்றால் அவருடைய சொந்தச் செலவு என்று வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கைக் கழிப்பார்கள்; நான்கு பேர் என்றால் கால் பங்குதான்.

கணக்குப் போடும் முறையை வக்கீல் சார் ஒரு தாளில் எழுதிக் காட்டினார். இறந்தவரின் மாத வருமானம், அதன்மேல் எதிர்கால உயர்வு, சொந்தச் செலவுக் கழிவு, கடைசியில் வயதுக்கேற்ற மல்டிபிளையர், அதாவது மிஞ்சும் ஆண்டுத் தொகையைப் பெருக்கும் எண். உச்ச நீதிமன்றம் 2009-லும் 2017-லும் சொன்ன தீர்ப்புகள்தான் இதற்கு அடிப்படை. தினக்கூலிக்காரருக்கும் சொந்தத் தொழில் செய்பவருக்கும் 40 வயதுக்குள் என்றால் 40 சதவீதம் உயர்வு. 40 முதல் 50 வரை 25 சதவீதம்தான்.

இன்சூரன்ஸ் தரப்பு அண்ணனுக்கு 41 வயது என்றது. ஆதாரில் அப்படித்தான் இருந்தது, பிறந்த நாள் ஜனவரி 1 என்று போட்டு. அம்மாவோ, "அவன் ஆடியில பொறந்தவன்டா, நாற்பதே ஆகல" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அண்ணன் எட்டாவது வரை படித்த பள்ளிக்குப் போனேன். தலைமையாசிரியர் பீரோவிலிருந்து பழைய சேர்க்கைப் பதிவேட்டை எடுத்து, ஓரம் உதிரும் பக்கங்களை மெதுவாகப் புரட்டினார். அப்பாவின் கைநாட்டுக்கு மேலே பிறந்த தேதி இருந்தது. அதன்படி இறக்கும்போது 39. சான்று எழுதி முத்திரை போட்டுக் கொடுத்தார். ஆதார் வயதுக்கு ஆதாரம் ஆகாது, பள்ளிச் சான்றைத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும் என்று 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் வக்கீல் சார் எடுத்துக் காட்டினார்.

மாத வருமானம் 15,000 என்று வையுங்கள். 39 வயதுக்கு 21,000 ஆகும், கால் பங்கு போக 15,750, ஆண்டுக்கு 1,89,000, மல்டிபிளையர் 15, ஆக 28,35,000 ரூபாய். அதே ஆளை 41 வயது என்றால் உயர்வு 25 சதவீதம்தான், மல்டிபிளையர் 14, மொத்தம் 23,62,500. பதிவேட்டில் இருந்த அந்த ஒரு வரிக்கு ஏறக்குறைய நாலே முக்கால் லட்சம் வித்தியாசம்.

வருமானத்தை நிரூபிப்பதுதான் பெரிய பாடு. கூலிக்காரருக்கு ஏது சம்பளச் சீட்டு? அண்ணன் ஆள் கூலி எழுதிவைத்த நோட்டு, கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை, போனில் வந்த பணத்துக்கான பேங்க் ஸ்டேட்மென்ட் எல்லாவற்றையும் கொடுத்தோம். அண்ணி சாட்சி சொன்னபோது, "மழைக்காலத்தில் வேலை இருக்காதே?" என்று எதிர்த்தரப்பு வக்கீல் மடக்கினார். "உள்பூச்சு வேலை இருக்கும் சார்" என்றார் அண்ணி, தயங்காமல். வீடு கட்டிய உரிமையாளர் ஒருவரும் வந்து சாட்சி சொன்னார். அவருக்கு நாங்கள் கடமைப்பட்டிருக்கிறோம். இருந்தும் நாங்கள் கேட்ட வருமானத்தைத் தீர்ப்பாயம் முழுதாக ஏற்கவில்லை. ஆனால் வயது 39 என்று ஏற்றுக்கொண்டது. இடையில் மக்கள் நீதிமன்றத்தில் சமரசம் பேசினார்கள். அங்கே போவது நல்லதுதான். ஆனால் கணக்கைக் கையில் வைத்துக்கொண்டு போங்கள். எங்களுக்குச் சொன்ன தொகை 41 வயதுக்குப் போட்டது என்பது அதனால்தான் புரிந்தது, மறுத்தோம்.

மனைவியை இழந்த கணவர், அப்பாவை இழந்த பிள்ளை, மகனை இழந்த தாய், எல்லோருக்கும் துணை இழப்பு என்று தனித்தனியே ஒரு தொகை உண்டு. அதை மனுவில் ஒவ்வொருவர் பெயரிலும் கேளுங்கள்.

பிள்ளைகள் பங்கை அவர்கள் மேஜராகும் வரை தேசிய வங்கியில் டெபாசிட் செய்யச் சொல்லி உத்தரவானது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டியை அண்ணி எடுத்துக்கொள்ளலாம். இப்போது பெரியவளின் படிப்புச் செலவுக்கு அசலில் கொஞ்சம் எடுக்க, பள்ளியில் கட்டணச் சீட்டு வாங்கி மனுப் போட்டிருக்கிறோம்.