எங்கள் வகுப்பு உலகாயதன்

பழைய மாணவர் மலருக்கு ஏதாவது எழுதித் தரும்படி சங்கச் செயலாளர் மூன்று முறை தொலைபேசி எடுத்துவிட்டார். கிரிக்கெட் பற்றி எழுத ஆட்கள் இருக்கிறார்கள். அதிபரின் பிரம்பைப் பற்றிப் போன மலரிலேயே நாலு பேர் எழுதிவிட்டார்கள். எனக்கு மிஞ்சியது ஒரு தேரை.

1980ஆம் ஆண்டு, உயர்தர வகுப்பு. நான் கலைப்பிரிவு: தமிழ், இந்து நாகரிகம், அளவையியல். விலங்கியல் ஆய்வுகூடத்தில் எனக்கு ஒரு வேலையும் இல்லை. ஆனாலும் ஒருநாள் இடைவேளையில் என் நண்பன் யன்னலால் கையைக் காட்டிக் கூப்பிட்டான். மெழுகுத் தட்டில் குண்டூசி குத்தி விரித்த தேரை ஒன்று. பக்கத்தில் சின்னக் கண்ணாடிக் கிண்ணம். அதில் உப்புக் கரைசலுக்குள் தேரையின் இதயம் தன்பாட்டில் துடித்துக்கொண்டிருந்தது.

"தேரை செத்துப்போச்சு. இது இன்னும் அடிக்குது. இப்ப சொல்லு, உயிர் தட்டில கிடக்கோ, கிண்ணத்தில கிடக்கோ?"

மணி அடித்தது. தப்பினேன்.

இந்தக் கதை எங்களுக்கு இந்து நாகரிகம் படிப்பித்த சேரின் காதுக்குப் போனது. அவர் கோபிக்கவில்லை. "சிவஞான சித்தியார் பரபக்கத்தில முதல் ஆளா வந்து வாதாடுறவன் உலகாயதன். எங்கட பள்ளிக்கூடத்திலயும் ஒருத்தன் வந்திட்டான், நல்லது" என்றார். சித்தியார் சைவ சித்தாந்த நூல்; பரபக்கம் அதில் பிற மதங்களை மறுக்கிற பகுதி. உடம்புக்கு அப்பால் உயிர் என்று ஒன்று இல்லை என்பவன்தான் உலகாயதன். அன்றிலிருந்து என் நண்பனுக்கு அதுவே பெயர். அவனும் பட்டம் கிடைத்தவன் மாதிரி அதைச் சுமந்து திரிந்தான்.

பின்னேரங்களில் திருகோணமலை டச்பே கடற்கரை மணலில் கச்சான் சுருளோடு இருப்போம். உலகாயதன், நான், விடுதியில் இருந்த கிண்ணியா நண்பன். அந்த நண்பன் வெள்ளிக்கிழமைகளில் பாதைப் படகு ஏறி ஊருக்குப் போய்விடுவான் (கிண்ணியாப் பாலம் வந்தது 2009இல்தானே). அவனிடம் உயிரைப் பற்றிக் கேட்டால் ஒரே பதில்: "ரூஹு இறைவன்ட கட்டளையில உள்ள விசயம், மனிசனுக்கு அதில தந்த அறிவு கொஞ்சந்தான். குர்ஆன்லயே இருக்கு." சொல்லிவிட்டுக் கச்சானைத் தின்னத் தொடங்குவான். எங்கள் மூவரிலும் புத்திசாலி அவன்தான் என்று இப்போது நினைக்கிறேன்.

எனக்கு விட மனமில்லை. ஒருநாள் நூலகத்தில் ஓர் ஆங்கிலச் சஞ்சிகையில் புதையல் அகப்பட்டது. மக்டூகல் என்ற அமெரிக்க வைத்தியர் சாகக் கிடந்த ஆறு பேரைக் கட்டிலோடு தராசில் ஏற்றி நிறுத்துப் பார்த்திருக்கிறார். 1907இல் முடிவை வெளியிட்டார். ஒருவரின் உயிர் பிரிந்தபோது முக்கால் அவுன்ஸ், அதாவது 21 கிராம் குறைந்ததாம். மற்ற ஐந்து பேரிடமும் அந்தக் கணக்கு ஒழுங்காக வரவில்லை என்பதையும் அதே பக்கத்தில் போட்டிருந்தது. நான் அந்த வரியை வாசிக்காத மாதிரிக் கடந்து போனேன்.

வகுப்பில் எழுந்து பெருமையாக "21 கிராம்" என்றேன். உலகாயதன் வாய் திறக்க முதல் சேர் சிரித்துவிட்டார். "தம்பி, நிறுக்கக்கூடியதெண்டா அது சடம், அறிவில்லாத வெறும் பொருள். நீ உன்ர கோலுக்குள்ளயே பந்தை அடிச்சுப்போட்டாய்."

அடுத்த மாதம் மணிமேகலையில் சமயக்கணக்கர் காதை படிப்பித்தார்கள். அங்கே பூதவாதி வந்து, தாதகிப் பூவையும் வெல்லக்கட்டியையும் மற்றதுகளையும் கூட்டினால் கள்ளில் வெறி பிறக்கிற மாதிரி, நிலம், நீர் முதலான பூதங்கள் கூடினால் உணர்வு பிறக்கும் என்கிறான். உலகாயதனுக்குத் தலைகால் தெரியவில்லை. ஆயிரம் வருடத்துக்கு மேலான தமிழ்க் காப்பியத்தில் தன் கட்சிக்காரன்! ஒரு கிழமை முழுக்கக் கள்ளுக் கதைதான்.

நான் இரண்டு நாள் யோசித்துச் சொன்னேன்: "கள்ளில வெறி இருக்கலாம், ஆனா கள்ளுக்கு வெறி ஏறாது. குடிச்சவனுக்குத்தான் ஏறும். அந்தக் குடிச்சவன் ஆர்?" இரண்டு வருடத்தில் எனக்குக் கிடைத்த ஒரே வெற்றி அது. அதுவும் அரை நிமிடந்தான் நின்றது. "குடிச்சவனும் பூதம் கூடினதுதானே" என்றான்.

அப்புறம் சைவ சித்தாந்தத்தின் அடிப்படை நூல், மெய்கண்டாரின் சிவஞானபோதம் வந்தது. மொத்தம் பன்னிரண்டு சூத்திரம். மூன்றாவதில் ஆன்மா உண்டு என்பதற்குக் காரணங்களை அடுக்குகிறார். அதில் ஒன்று 'எனதுடல் என்றலின்'. என் வீடு என்கிறவன் வீடு அல்ல, அதுபோல என் உடல் என்கிறவன் உடல் அல்ல. கேட்டவுடன் எனக்குப் பிடித்துப்போனது. உலகாயதன் கையை உயர்த்தினான்.

"சேர், என்ர உயிர் போகுது எண்டும் சொல்லுறம். அப்ப உயிரை வைச்சிருக்கிறவன் ஆர்?"

வகுப்பு கொல்லென்று சிரித்தது. சேர் சோக்குக் கட்டியைக் கையில் உருட்டினார். "நல்ல கேள்வி. வெள்ளிக்கிழமை கோயிலுக்கு வா, சொல்லுறன்."

அந்த வெள்ளி பூசை முடிந்து கோணேசர் கோயிலால் இறங்கி வந்தோம். இருட்டுப்படுகிற நேரம். பிரெட்ரிக் கோட்டைக்குள் மான்கள் வழக்கம்போல ஆட்களைப் பொருட்படுத்தாமல் மேய்ந்தன. சேர் உயிர்க் கேள்விக்குப் பதில் சொல்லவில்லை; அல்லது, வேறு ஒன்றைச் சொன்னார். "நீ மூளையை வெட்டி வெட்டி மனசைப் பிடிக்கப் போறாய். பிடி. அதால எங்களுக்கு ஒரு நட்டமும் இல்லை. மனம், புத்தி, அகங்காரம், சித்தம், நாலும் மாயையில வந்தது, சடம். நாலாம் சூத்திரத்தைப் பார். ஆன்மா அரசன், அதுகள் மந்திரிமார்."

உலகாயதன் பேசாமல் நடந்தான். எனக்குத்தான் அடி விழுந்தது. மனமும் ஆன்மாவும் ஒரு பக்கம், உடம்பு மறுபக்கம் என்றுதான் நான் அதுவரை வாதாடிக்கொண்டிருந்தேன். பிறகு பல்கலைக்கழகத்தில் படித்தபோதுதான் தெரிந்தது, அது பிரெஞ்சுத் தத்துவஞானி டெக்கார்ட் பிரித்த பிரிவு. இரண்டையும் ஒட்டவைக்க அவர் மூளையின் நடுவில் உள்ள பீனியல் சுரப்பியைப் பிடித்தார். விபூதி பூசிக்கொண்டு நான் இரண்டு வருடம் டெக்கார்ட்டின் கட்சிக்கு வாக்குக் கேட்டிருக்கிறேன். மெய்கண்டார் கோடு கிழித்த இடம் வேறு: எண்ணம், நினைவு, தீர்மானம் எல்லாம் சடத்தின் பக்கம், அவற்றை அறிகிற ஒன்று மட்டும் இந்தப் பக்கம்.

1983 இனக்கலவரத்துக்குப் பிறகு நாங்கள் சிதறிய கதை இந்த மலரை வாசிப்பவர்களுக்குப் புதிதல்ல. உலகாயதன் வைத்தியனானான். ஒருமுறை வான்கடிதத்தில் பினியஸ் கேஜ் என்ற ரெயில்பாதைத் தொழிலாளியைப் பற்றி எழுதியிருந்தான். 1848இல் அமெரிக்காவில் வெடிமருந்து இடிக்கும் இரும்புக் கம்பி ஒன்று கன்னத்தால் புகுந்து உச்சந்தலையால் வெளியேறியது. ஆள் சாகவில்லை, பன்னிரண்டு வருடம் இருந்தான். ஆனால் பொறுப்பான மனிதன் தூஷணம் பேசுகிற முரடனாகிவிட்டான் என்று அவனைப் பார்த்த வைத்தியர் எழுதிவைத்தார். 'ஆன்மாவுக்கும் கம்பி குத்துமோ?' என்று கடைசி வரி.

'மந்திரிக்குத்தான் குத்தினது, அரசனுக்கில்லை' என்று பதில் போட்டேன். அவனுடைய மறுகடிதம்: 'எல்லா மந்திரியும் போன பிறகு அரசன் எண்டு மிஞ்சிறது என்ன?' அதற்கு நான் இன்னும் பதில் எழுதவில்லை. சித்தாந்தத்தில் ஒரு விடை இருக்கிறது: மனம் முதலான கருவிகள் ஒடுங்கினால் ஆன்மா இருந்தும் அறியாது, உணர்த்த உணரும். புத்தகத்தில் அது பொருந்துகிறது. நினைவு முழுக்க அழிந்த அம்மாவின் கட்டிலடியில் இருந்தபோது எனக்கு அது பாதிதான் பொருந்தியது.

அவனுடைய தகப்பனார் இறந்த வருடம் நான் தற்செயலாகத் திருகோணமலையில் நின்றேன். முப்பத்தோராம் நாள், கன்னியா வெந்நீரூற்று. இராவணன் தன் தாய்க்குக் கடன் செய்த இடம் என்று நாங்கள் சின்னனிலிருந்து கேட்டுவந்த அதே இடம். ஐயர் சொல்லச் சொல்ல எல்லாம் செய்தான். பிறகு வாளியை எடுத்துக்கொண்டு ஏழு கிணறுக்கும் போனான். ஒவ்வொன்றும் ஒவ்வொரு சூடு. ஒரு கிணற்றையும் விடாமல் அள்ளித் தலையில் வார்த்தான்.

ஈரத்தோடு வந்து பக்கத்தில் இருந்தவனிடம் மெல்லக் கேட்டேன். "உலகாயதா, இது ஆருக்கடா?"

துவாயால் முகத்தைத் துடைத்தான். கனநேரம் துடைத்தான்.

"தேரையைப் பற்றி இப்ப கேளாதை" என்றான்.