மரத்துக்கு ரீடேக் கிடையாது

"உங்கம்மா ரப்பர் மரத்துல பால் வெட்டுறதைப் படம் பிடிக்கணும், ஒன்பது மணிக்கு வந்துடறோம்" என்று தொலைக்காட்சியிலிருந்து போன் வரும். அந்த ஒன்பது மணியை வீட்டார் அங்கேயே மறுத்துவிட வேண்டும். விடியலில்தான் மரத்துக்குள் நீரழுத்தம் அதிகம். வெயில் ஏறி இலைகள் நீரை இழுக்கத் தொடங்கினால் பால் மெதுவாகிவிடும். ஆறரைக்குள் முதல் மரத்தில் உளி பட வேண்டும்.

மலேசியாவின் சுங்கை சிப்புட் வட்டாரத்தில் சூரியன் ஏழு மணி வாக்கில்தான் தலைகாட்டும். அதுவரை, படக்குழுவினரே, அந்த அம்மாவின் நெற்றி விளக்கு வெளிச்சத்திலேயே எடுங்கள். பெரிய விளக்கை முகத்துக்கு நேரே வைத்தால் கண் கூசி வெட்டுக்கோடு தெரியாது, உளி ஆழமாக இறங்கிவிடும்.

அடுத்த சிக்கல், "இன்னொரு தடவைக்கா" என்று கேட்பது. ஒரு வெட்டுக்குச் சீவுவது ஒன்றரை மில்லிமீட்டர் பட்டைதான். அதே மரத்தில் மறுபடி சீவினால் அடுத்த வெட்டுக்கான பட்டை வீணாகிறது. கட்டையை ஒட்டி ஒரு மில்லிமீட்டர் பட்டையாவது மிஞ்ச வேண்டும். அதையும் தாண்டினால் காயம். புதுப்பட்டை மேடும் பள்ளமுமாக வளர்ந்து, பிற்பாடு அந்த இடத்தில் வெட்டவே முடியாது. அதனால் ஒரே நிரையில் ஆறு மரங்களை முன்கூட்டியே பார்த்து வையுங்கள். முதல் இரண்டில் கேமரா ஓடட்டும், ஆனால் அது கை பழகுவதற்கு மட்டும். மூன்றாவதில் தூரக்காட்சி, நான்கில் கை, ஐந்தில் முகம், ஆறாவது கைவசம். ஆறிலும் வெட்டுக்கோடு ஏறக்குறைய ஒரே உயரத்தில் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் எடிட்டிங்கில் கோடு முழங்காலிலிருந்து மார்புக்குத் தாவும்.

கோடு இடப்பக்கம் மேலிருந்து வலப்பக்கம் கீழாக, சுமார் 30 பாகைச் சரிவில் போகும். உளி மரத்தைச் சுற்றி வரும்போது வெட்டுபவரின் காலும் கூடவே நகரும். அந்த வழியில் ஸ்டாண்டை ஊன்றாதீர்கள்.

மைக்கை முந்தானையில் குத்தினால் துணி உரசும் சத்தம்தான் பதிவாகும். வேலைச் சட்டையில் மோவாய்க்கு ஒரு சாண் கீழே குத்துங்கள். மரத்தருகே இன்னொரு மைக் கட்டாயம் வேண்டும். முந்தின வெட்டில் காய்ந்த ஒட்டுப்பாலை நுனியில் பிடித்து இழுத்தால் நாடாவாக உரிந்து வரும். உளி போன தடத்தில் முதலில் வெள்ளைப் புள்ளிகள். அவை சேர்ந்து கோடாகி, தகரப் பீலியில் வழிந்து, வெறும் மங்கில், அதாவது பால் பிடிக்கும் கிண்ணத்தில், 'டொக்' என்று விழும். அந்த முதல் சொட்டின் சத்தத்துக்காகவே காத்திருக்கலாம்.

கை வேலை செய்யும்போது கேள்வி வேண்டாம். அடுத்த மரத்துக்கு நடக்கும்போது கேளுங்கள். "உங்கள் வாழ்க்கை அனுபவம்?" என்றால் வாய் அடைத்துப்போகும். "ஏம்மா இந்த மரம் மட்டும் பால் கம்மியா விடுது?" என்று கேட்டுப் பாருங்கள், பேச்சு நிற்காது. பெரட்டு (காலை ஆள் கணக்கெடுப்பு), கித்தா (ரப்பர்), மங்கு, வாக்கியக் கடைசியில் வரும் அந்த 'லா' எதையும் திருத்தாதீர்கள், செய்தித் தமிழில் மனப்பாடமும் கொடுக்காதீர்கள். 2020 நடமாட்டக் கட்டுப்பாட்டுக் காலத்தில் இதே சுங்கை சிப்புட்டின் பவித்ரா, வீட்டு அடுப்படியில் சமைத்தபடி தனக்கு வந்த மலாயில் இயல்பாகப் பேசித்தான் யூடியூப் வழியே நாடறிய வந்தார்.

இரவு மழை பெய்திருந்தால் ரத்து செய்யுங்கள். ஈரப்பட்டையில் பால் கோட்டை விட்டுப் பரவி வீணாகும். பிப்ரவரி, மார்ச்சில் இலையுதிர்வு, பாலும் குறையும். அப்போது வீட்டார் தேதி கொடுக்க வேண்டாம். பெரிய தோட்டங்கள் பல செம்பனைக்கு மாறிவிட்டதால் பெரும்பாலும் சிறுதோட்டக்காரரின் மரங்களே கிடைக்கும். அவருடைய அனுமதியை எழுத்தில் வாங்குங்கள். கையெழுத்துக்கு நீட்டும் தாள் மலாயிலோ ஆங்கிலத்திலோ இருந்தால், பிள்ளைகள் யாராவது வரிக்கு வரி தமிழில் சொன்ன பிறகே அம்மா கையெழுத்திட வேண்டும். காட்சியை வேறு நிகழ்ச்சிக்கும் பயன்படுத்துவார்களா, அன்றைய கூலி இழப்புக்கு என்ன தருவார்கள் என்று வீட்டார் கேளுங்கள். ஒரு நகலும் வாங்கிக்கொள்ளுங்கள். வீட்டு எண்ணும் போன் எண்ணும் திரையில் வரக் கூடாது.

பக்கத்துக் கோலகங்சாரில் 1877-இல் நட்ட கித்தா மரம் இன்றும் நிற்கிறது. அதை எடுக்க நினைப்பவர்கள் மதியம் போகலாம். காலையிலேயே கேமராவை மடித்துக்கொண்டு அங்கே ஓடாதீர்கள். பால் இரண்டு மூன்று மணி நேரம் சொட்டும், பத்து மணி வாக்கில்தான் வாளியோடு திரும்ப நிரைக்குள் போவார்கள். மங்கைக் கவிழ்த்து, விரலால் வழித்து, ஒரு சொட்டுகூட விடாமல் வாளியில் ஊற்றுவதை அப்போது எடுக்க வேண்டும்.