சும்மா ஒரு கையெழுத்து

ஜூலை 21, ஞாயிறு

வாழப்பாடியிலிருந்து தம்பி வந்திருந்தான். குச்சிக்கிழங்கு விலை, சேகோ மில்லில் கிழங்கின் மாவுச்சத்துப் பாயிண்ட் பார்த்து விலையில் கழிப்பது என்று ஊர்க்கதை எல்லாம் பேசிவிட்டு, கிளம்பும்போதுதான் விஷயத்துக்கு வந்தான். இறந்துபோன அப்பா வாங்கிய இரண்டு ஏக்கரில் என் பங்கை அவனுக்கு விட்டுக்கொடுத்து விடுதலைப் பத்திரம் எழுதணுமாம். "சும்மா ஒரு கையெழுத்துதான்க்கா." பட்டா தன் பேரில் இருந்தால்தான் லோன் கிடைக்கும் என்கிறான். அதுவும் நியாயம்தான்.

ஜூலை 24, புதன்

அம்மாவிடம் போனில் பேசினேன். "சீர் செஞ்சு கட்டிக்கொடுத்தாச்சு, ஆடிக்கும் தீபாவளிக்கும் தம்பி வர்றான். வேறென்ன வேணும் கண்ணு?"

அம்மாவுக்கும் பிறந்த வீட்டில் பங்கு கிடைக்கவில்லை. அவருக்குக் கல்யாணம் ஆனது 1985இல். பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் பங்கு என்று தமிழ்நாட்டில் சட்டம் வந்தது 1989இல். அதற்கு முன்பே கல்யாணமானவர்களுக்கு அது பொருந்தாது. 2005இல் மத்தியச் சட்டம் அந்தத் தடையை எடுத்தது; ஆனால் மாமாக்கள் பாகப்பிரிவினையைப் பதிவு செய்து வருடக்கணக்காகியிருந்தது. பதிவான பழைய பிரிவினையைப் புதுச் சட்டம் தொடாது. இரண்டு தடவையும் பஸ் போன பிறகு ஸ்டாப்புக்கு வந்தவர் மாதிரி அம்மா. மாமா கொண்டுவரும் சேலையை இன்றும் எல்லோரிடமும் காட்டுவார்.

ஜூலை 28, ஞாயிறு

பத்திர வரைவு வாட்ஸ்அப்பில் வந்தது. விட்டுக்கொடுப்பவர்கள் இரண்டு பேர். முதல் பெயர் அம்மாவுடையது!

அப்பா உயில் எழுதவில்லை. அப்பாவைப் பெற்ற அப்பாயி முன்பே போய்விட்டார். அப்படியென்றால் 1956 வாரிசுரிமைச் சட்டப்படி மனைவி, மகன், மகள் மூவருக்கும் சமபங்கு. வாரிசுச் சான்றிதழிலும் மூன்று பெயர்தான். இத்தனை நாளும் என் பங்கைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தோம். அம்மாவிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை, நான் உட்பட.

ஆகஸ்ட் 3, ஆடிப் பதினெட்டு

தம்பி சேலை, தேங்காய், பழத்தோடு வந்தான், கூடவே அம்மாவும். சேலையை வாங்கிக்கொண்டேன். சீர் அவன் மனசால் கொடுப்பது, பங்கு அப்பா விட்டுப்போனது; ஒன்றை இன்னொன்றில் கழிக்க எனக்குப் பிடிக்கவில்லை.

சாப்பிட்ட பிறகு பத்திரத்தை வாசித்துக் காட்டினேன்.

"என் பேரும் இருக்குதாடா?"

"உன்ன நான் பாக்க மாட்டனாம்மா?"

"பாப்ப. யாரு இல்லேன்னா?" என்றார். கொஞ்ச நேரம் பேச்சில்லை. அப்புறம் கேட்டார்: "மூணாப் பிரிச்சா கெணறு யாரு பக்கம் வரும்?"

தம்பி பதில் சொல்லவில்லை. திங்கட்கிழமை பத்திர எழுத்தரைப் பார்க்க மூன்று பேரும் போவதாக முடிவானது.