அது உங்க அம்மா இல்ல தம்பி

"அம்மா நம்ம சீரியலைத் தினமும் பார்க்கிறாங்கண்ணே. முடிவை மட்டும் மாத்த வேண்டாமே" என்றான் என் உதவி வசனகர்த்தா. பேர் போடச் சொல்லவில்லை, பணமும் கேட்கவில்லை. அதனால்தான் இன்னும் உறுத்துகிறது என்று நினைக்கிறேன். பேர் கேட்டிருந்தால் பதில் சுலபம்.

கதை டிஸ்கஷனில் அவன் சொன்ன சம்பவம்தான் அது. மத்தியானச் சமையலை முடித்து, மூடி வைத்துவிட்டு, தாலியைக் கழற்றி மாமியார் கையில் கொடுத்துவிட்டுப் போகிறாள் ஒருத்தி. அந்தச் சமையல் எனக்குத் தோன்றியிருக்கவே தோன்றியிருக்காது. நிஜத்தில் போனது அவன் அம்மா. அந்த வீட்டுக்குத் திரும்பவே இல்லை. எங்கள் கதாநாயகியோ சில வாரங்களில் திரும்பி வந்து மாமியார் காலில் விழுந்தாள். சேனல் அப்படித்தான் கேட்டது.

"அது உங்க அம்மா இல்ல தம்பி, நம்ம கதாநாயகி" என்றேன். சரியான பதில்தான். சட்டமும் என் பக்கம். தன் நாடகத்தைச் சினிமாவாக எடுத்துவிட்டார்கள் என்று ஆர்.ஜி. ஆனந்த் போட்ட வழக்கில் 1978-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: கருவுக்கோ கதைப்பொருளுக்கோ பதிப்புரிமை கிடையாது, அதை எழுதிய விதத்துக்குத்தான் உண்டு. எழுதியது நான். ஒப்பந்தப்படி உரிமை தயாரிப்பு நிறுவனத்துக்கு.

ஆனால் 1957 பதிப்புரிமைச் சட்டத்தில் 57-ஆவது பிரிவு ஒன்று இருக்கிறது. உரிமையை எழுதிக் கொடுத்த பிறகும், பேர் கெடும்படி தன் படைப்பைச் சிதைத்தால் அதை எழுதியவர் தடுக்கலாம். பையன் கேட்டது ஏறக்குறைய அதைத்தான். அவன் எழுதியவன் இல்லை, சொன்னவன். வாழ்ந்தவரோ அந்தச் சட்டத்தில் எங்குமே வரவில்லை.

ஒவ்வொரு சம்பவத்துக்கும் சொந்தக்காரரைத் தேடி அனுமதி வாங்கினால் எந்த மெகா தொடரும் ஓடாது. அக்கம்பக்கத்துச் சண்டையில்தான் நாங்கள் பிழைக்கிறோம். இருந்தாலும் சேனலிடம் ஒரு தடவை பேசிப் பார்த்திருக்கலாமோ? பேசினாலும் ஒத்துக்கொண்டிருக்க மாட்டார்கள், அது எனக்குத் தெரியும். தெரியும் என்றுதான் சொல்லிக்கொள்கிறேன்.

அவன் இப்போதெல்லாம் டிஸ்கஷனில் சொந்த விஷயம் எதையும் எடுப்பதில்லை. பார்த்த படங்களிலிருந்து காட்சி சொல்கிறான். நஷ்டம் எனக்குத்தான். நானும், எழுத்தாளர் சங்கத்தில் பதிவு செய்யாமல் என் கதை எதையும் யாரிடமும் வாய் திறந்து சொல்வதில்லை. அது தொழிலில் எல்லோரும் செய்கிற முன்ஜாக்கிரதை, அவ்வளவுதான்.