கேம் ஓரிடத்தில், விளையாடியது வேறிடத்தில்

இன்னும் இரண்டு நாள் விட்டிருந்தால், என் மகனும் என் தம்பியும் இரண்டு வருஷமாகக் கட்டிய அணை போயிருக்கும். கம்ப்யூட்டருக்குள் கட்டிய அணைதான். ஆனால் அது போய்விட்டது என்று நினைத்த அந்த எட்டு நாளும் வீட்டில் யாருக்கும் சோறு இறங்கவில்லை.

நாங்கள் இருப்பது தேனி மாவட்டம் கூடலூர். லோயர் கேம்ப் தாண்டி மலை ஏறினால் குமுளி, அங்கிருந்து கேரளா. தம்பி கோயம்புத்தூரில் படிக்கிறான். லீவுக்கு வரும்போதெல்லாம் நாலாவது படிக்கும் என் மகனோடு உட்கார்ந்து, கல் கல்லாக அடுக்கிக் கட்டும் மைன்கிராஃப்ட் கேமில் முல்லைப் பெரியாறு அணையைக் கட்டுவான். 1895-ல் பென்னிகுயிக் முடித்துக் கொடுத்த அதே அணை. அதோடு விடவில்லை. தேக்கடிப் பக்கமிருந்து மலையைக் குடைந்து வரும் சுரங்கம், மலைச்சரிவில் இறங்குகிற பெரிய பெரிய குழாய்கள், லோயர் கேம்ப் பவர் ஹவுஸ், அதற்கும் கீழே சுருளிப்பட்டித் திராட்சைப் பந்தல் வரை வந்துவிட்டார்கள். மாமன் ஊரில் இல்லாத நாளில் மகன் தனியாக ஒவ்வொரு கல்லாக வைப்பான்.

ஜூன் மழையில் கரண்ட் போய்ப் போய் வந்தது. ஒருநாள் விண்டோஸ் கிளம்பவே இல்லை, வட்டம் சுற்றிக்கொண்டே நின்றது. அப்பா குமுளியில் ஏலக்காய்க் கடை ஒன்றில் வேலை பார்க்கிறார். அவரே சிபியூவைச் சாக்கில் சுற்றி எடுத்துப்போய் அங்கே ஒரு சர்வீஸ் கடையில் கொடுத்தார். விண்டோஸைத் திரும்பப் போட வேண்டும் என்றார்கள். தம்பியின் கேம்கள் எதுவும் போகக்கூடாது என்று நான் போனில் இரண்டு முறை சொன்னேன். கடைக்காரர் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: “எல்லாம் எடுத்திட்டுண்டு சேச்சி, பேடிக்கண்டா.” பயப்பட வேண்டாம் என்றவுடன் நானும் பயப்படவில்லை. என்னென்ன எடுத்தீர்கள், எந்த ஃபோல்டரிலிருந்து எடுத்தீர்கள் என்று கேட்டிருக்க வேண்டும். உங்கள் கம்ப்யூட்டரைக் கொடுக்கும்போது அந்தக் கேள்வியைக் கேட்காமல் கடையை விட்டு இறங்காதீர்கள்.

சனிக்கிழமை சிபியூ வீட்டுக்கு வந்தது. டி டிரைவில் ‘பேக்கப்’ என்று ஒரு ஃபோல்டர். உள்ளே டெஸ்க்டாப், டாக்குமெண்ட்ஸ், டவுன்லோட்ஸ், அப்புறம் கேம்களை வாங்கி இறக்கும் ஸ்டீம் என்ற சாஃப்ட்வேரின் ‘காமன்’ ஃபோல்டர். நூறு ஜிபிக்கு மேல் பிடிக்கிற ஜிடிஏ 5 என்ற கேம் அதில் பத்திரமாக இருந்தது. ஞாயிற்றுக்கிழமை மகன் மைன்கிராஃப்ட்டை இன்ஸ்டால் செய்து திறந்தான். உலகங்கள் வரவேண்டிய இடத்தில் ஒன்றுமே இல்லை. அவன் அழவில்லை. “அம்மா, அணையக் காணோம்” என்று மட்டும் சொன்னான்.

தம்பிக்குப் போன் போட்டேன். அவன் கேட்ட முதல் கேள்வி: “அக்கா, ஆப்டேட்டா எடுத்தாங்களா?” எனக்கு அந்த வார்த்தையே அன்றைக்குத்தான் தெரியும்.

அவன் விளக்கியதை அப்படியே எழுதுகிறேன். கடைகளில்கூட இதைக் கவனிக்காமல் விடுகிறார்கள் என்பது என் அனுபவம். கேம் இருக்கும் இடம் ஒன்று. நாம் விளையாடிச் சேர்த்தது இருக்கும் இடம் வேறு. கேம் பெரும்பாலும் புரோகிராம் ஃபைல்ஸ் மாதிரி பெரிய ஃபோல்டரில் இருக்கும், நூறு ஜிபி ஆனாலும் மறுபடி டவுன்லோட் செய்துகொள்ளலாம். விளையாடியது சி டிரைவில், யூசர்ஸ் ஃபோல்டருக்குள், நம் பெயரில் உள்ள ஃபோல்டரில் ஏதோ ஒரு மூலையில் இருக்கும். இணையத்திலும் சேமித்து வைக்கும் கேமாக இல்லாவிட்டால் அது எந்த சர்வரிலும் கிடைக்காது. என் வீட்டில் நடந்தது இதுதான்: திரும்பக் கிடைப்பதைக் காப்பாற்றிவிட்டு, திரும்பக் கிடைக்காததை விட்டுவிட்டார்கள்.

மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பு உலகங்களை வைப்பது யூசர்ஸ், நம் பெயர், ஆப்டேட்டா, ரோமிங், .மைன்கிராஃப்ட், சேவ்ஸ் என்ற வரிசையில். முன்னால் இருக்கும் புள்ளியும் பெயரில் சேர்த்திதான். ஆப்டேட்டா மறைத்து வைக்கப்பட்ட ஃபோல்டர், சாதாரணமாகத் திறந்தால் கண்ணில் படாது. விண்டோஸ் 11 என்றால் ஃபோல்டரின் மேலே வியூ, அதில் ஷோ, அதில் ஹிட்டன் ஐட்டம்ஸ் என்பதை டிக் செய்ய வேண்டும்.

திங்கட்கிழமை லீவு போட்டுக் குமுளிக்குக் கிளம்பினேன். அப்பா முந்தின நாளே உத்தமபாளையத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தார். மலையில் நல்ல மழை. நம்ம பஸ் எல்லைக்கு இந்தப் பக்கம் இறக்கிவிட்டது. செக்போஸ்ட்டைத் தாண்டி நடந்தால் ஒரு கடைகூடத் திறக்கவில்லை. இடுக்கி மாவட்டம் முழுக்க ஹர்த்தால், நம்ம ஊர்க் கடையடைப்பு மாதிரி. மசாலாக் கடை, டீக்கடை, எல்லாம் ஷட்டர். கூடலூரில் இருக்கிறவர்களுக்கு இது தெரிய வழியில்லை, இங்கே எல்லாம் வழக்கம்போல ஓடுகிறது. எல்லையைத் தாண்டி வேலை இருப்பவர்கள் கிளம்புவதற்கு முன் அந்தப் பக்கம் யாருக்காவது ஒரு போன் போட்டுவிடுங்கள். நனைந்துகொண்டே திரும்பினேன்.

மறுபடி லீவு கிடைத்தது வியாழக்கிழமைதான். கம்பத்தில் உரக்கடை ஒன்றில் கணக்கு எழுதுகிறேன், ஜூன் ஜூலையில் அங்கே மூச்சுவிட நேரம் இருக்காது. கடைக்காரரிடம் ஆப்டேட்டா பற்றிக் கேட்டேன். திரையைக்கூடப் பார்க்காமல், “ஃபார்மேட் ஆயிப்போயி, இனி கிட்டில்ல” என்றார். “சின்னப் பையன் இரண்டு வருஷம் கட்டினது சேட்டா” என்று சொன்னேன். கேம்தானே, புதிதாக விளையாடட்டும் என்றார். அந்தப் பதிலில்தான் எனக்குக் கோபம் வந்தது. நிறைய நாள் படம் வரைந்த நோட்டு காணாமல் போனால் வேறு நோட்டு வாங்கிக்கொள் என்று யாராவது சொல்வார்களா?

வீட்டுக்கு வந்து மகனிடம் உண்மையைச் சொல்லிவிட்டேன். அவன் ஒரு வெள்ளைத் தாளில் அணையின் படத்தை நினைவிலிருந்து வரைய ஆரம்பித்தான். இந்தத் தூணுக்கு எத்தனை கல், அந்தக் குழாய்க்கு எத்தனை கல் என்று பக்கத்தில் எழுதினான்.

அடுத்த ஞாயிறு. விண்டோஸ் போட்டு எட்டாவது நாள். ஸ்டீம் மறுபடி இன்ஸ்டால் செய்யச் சொன்ன ஜிடிஏவையாவது சரி செய்யலாம் என்று உட்கார்ந்தேன். செட்டிங்ஸில் சிஸ்டம், ஸ்டோரேஜ் என்று போய் சி டிரைவைப் பார்த்தால் 180 ஜிபி நிரம்பியிருக்கிறது. கணக்கு எழுதுகிறவளுக்கு இது உறுத்தியது. புதிதாகப் போட்ட விண்டோஸ், ஓரிரண்டு சின்ன சாஃப்ட்வேர், மைன்கிராஃப்ட். இவ்வளவுக்கு 180 ஜிபி எப்படி வரும்? அதே பக்கத்தில் டெம்பரரி ஃபைல்ஸ் என்பதைத் தட்டினேன். பட்டியலில் ‘பிரீவியஸ் விண்டோஸ் இன்ஸ்டலேஷன்’ என்று ஒரு வரி, அதற்கு எதிரே நூறு ஜிபிக்கு மேல். பக்கத்தில் டிக் போட ஒரு கட்டம், மேலே நீக்கு என்று ஒரு பட்டன்.

டிக் போடவில்லை. தம்பிக்குப் போட்டேன் போன். “அக்கா, கைய எடு, எதையும் தொடாத” என்று கத்தினான்.

விஷயம் இதுதான். கடையில் ஃபார்மேட் என்று பேச்சுக்குச் சொல்லியிருக்கிறார்கள். உண்மையில் டிரைவை அழிக்காமல், பழைய விண்டோஸ் இருந்த அதே இடத்தில் புதியதைப் போட்டிருக்கிறார்கள். அப்படிப் போட்டால் பழைய விண்டோஸ், புரோகிராம் ஃபைல்ஸ், யூசர்ஸ் எல்லாம் விண்டோஸ்.ஓல்ட் என்ற ஒரே ஃபோல்டருக்குள் ஒதுங்கிவிடும். பத்து நாள் கழித்து விண்டோஸ் தானாகவே அதை அழித்துவிடும். இடம் வேண்டுமென்று நாமே கிளீனப் செய்தால் அன்றைக்கே போய்விடும். ஆகவே விண்டோஸ் புதிதாகப் போட்டு ஏதாவது காணாமல் போயிருந்தால், முதல் வேலையாக சி டிரைவில் இந்தப் பெயரில் ஒரு ஃபோல்டர் இருக்கிறதா என்று பாருங்கள். அதுவரை கிளீனப் பக்கமே போகாதீர்கள்.

தம்பி போனில் சொல்லச் சொல்லத் திறந்தேன். விண்டோஸ்.ஓல்ட், யூசர்ஸ், அவன் பெயர். அனுமதி இல்லை என்று ஒரு பெட்டி வந்தது, கன்டினியூ என்றதும் விட்டது. ஆப்டேட்டா மங்கலாகத் தெரிந்தது. ரோமிங். .மைன்கிராஃப்ட். சேவ்ஸ். உள்ளே ‘பெரியாறு’ என்று ஒரு ஃபோல்டர்.

மகனைக் கூப்பிட எனக்குக் குரலே வரவில்லை.

முதலில் பென்டிரைவில் ஒரு காப்பி, டி டிரைவில் ஒரு காப்பி. அப்புறம்தான் புது இடத்துக்கு. விண்டோஸ் கீயையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்தி, வரும் பெட்டியில் ஆப்டேட்டா என்பதை ஆங்கிலத்தில் சேர்த்து அடித்து, முன்னும் பின்னும் சதவீதக் குறி போட்டால் நேராக ரோமிங்கில் கொண்டுபோய் நிறுத்தும். கேமை ஒரு தடவையாவது திறந்து மூடியிருந்தால் அங்கே .மைன்கிராஃப்ட் தயாராக இருக்கும். சேவ்ஸுக்குள் ‘பெரியாறு’ ஃபோல்டரை முழுசாகப் போட வேண்டும், உள்ளே இருக்கும் ஃபைல்களை மட்டும் கொட்டக்கூடாது. லெவல்.டேட் என்ற ஃபைல் அந்த ஃபோல்டருக்குள் இருந்தால் சரி. இன்னொன்று: பழைய உலகத்தைப் புதிய பதிப்பில் திறந்தால் அது மாறிவிடும், திரும்பப் பழைய பதிப்புக்குக் கொண்டுபோவது கஷ்டம். அதனால்தான் காப்பி முதலில்.

அந்த நூறு ஜிபிக்கு நடுவே, அணை, சுரங்கம், பவர் ஹவுஸ், திராட்சைப் பந்தல் எல்லாம் சேர்ந்து ஒரு ஜிபிகூட இல்லை. ஒரு சின்னப் பென்டிரைவில் முடிந்திருக்க வேண்டிய வேலை.

இதோடு ஒப்பிட்டால் ஜிடிஏ கதை ஒன்றுமே இல்லை, ஆனாலும் சொல்கிறேன். எங்கள் இணைய வேகத்துக்கு நூறு ஜிபி இறக்குவது நடக்காத காரியம். கடைக்காரர் காமன் ஃபோல்டரை மட்டும் எடுத்து, அதற்கு வெளியே ஸ்டீம்ஆப்ஸில் இருக்கும் ஆப்மானிஃபெஸ்ட் என்று தொடங்கும் சின்ன ஃபைலை விட்டுவிட்டார். ஸ்டீம் எந்த கேம் எங்கே இருக்கிறது என்று பார்ப்பது அதை வைத்துத்தான். அதனால் கேம் முழுசாக டிஸ்க்கில் இருந்தும் ஸ்டீம் இன்ஸ்டால் செய்யச் சொன்னது. வழி சுலபம். ஸ்டீம் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் போய் டி டிரைவைச் சேர்த்தேன். அங்கே ஸ்டீம்லைப்ரரி, ஸ்டீம்ஆப்ஸ், காமன் என்ற இடத்தில் கேம் ஃபோல்டரைப் பெயர் மாற்றாமல் வைத்தேன். பிறகு இன்ஸ்டால் கொடுத்து அதே டிரைவைத் தேர்ந்தெடுத்தேன். ஏற்கெனவே இருக்கும் ஃபைல்களை அதுவே கண்டுபிடித்துச் சரிபார்த்து, குறைந்ததை மட்டும் இறக்கிக்கொண்டது. இது விளையாடிச் சேர்ப்பதை டாக்குமெண்ட்ஸில் ராக்ஸ்டார் கேம்ஸ் ஃபோல்டரில் வைக்கும், டாக்குமெண்ட்ஸை எடுத்திருந்ததால் அதுவும் தப்பியது.

உங்கள் கேம் எங்கே என்று தேட டெஸ்க்டாப் ஐகானை நம்பாதீர்கள். ஸ்டீம் போடும் ஐகானின் பிராப்பர்ட்டீஸைத் திறந்தால் ஃபோல்டர் இருக்காது, ஸ்டீமுக்கான முகவரியும் ஒரு நம்பரும்தான் இருக்கும். லைப்ரரியில் கேம் பெயரில் ரைட் கிளிக் செய்து, மேனேஜ், பிரௌஸ் லோக்கல் ஃபைல்ஸ் என்று போனால் நேராக அந்த ஃபோல்டரே திறக்கும். ஸ்டீம் இல்லாத கேம் என்றால், கேமை ஓடவிட்டு டாஸ்க் மேனேஜரில் அதன் பெயரில் ரைட் கிளிக் செய்து ஓப்பன் ஃபைல் லொகேஷன். ஸ்டீம் மாதிரியே இன்னொன்றான எபிக் பெரும்பாலும் புரோகிராம் ஃபைல்ஸில் எபிக் கேம்ஸ் என்ற பெயரில் வைக்கும். எக்ஸ்பாக்ஸ் ஆப் வழியாகப் போட்டது சி டிரைவில் எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ் என்ற ஃபோல்டரில் இருக்கும். யுபிசாஃப்ட் நிறுவனம் பல கேம்களின் சேவ்களை, அதாவது நாம் விளையாடிச் சேர்த்ததை, கேமைத் திறக்க உதவும் அதன் லாஞ்சரின் ஃபோல்டருக்குள்ளேயே சேவ்கேம்ஸ் என்று வைக்கிறது, லாஞ்சரை அழிப்பதற்கு முன் அதை எடுத்துவிடுங்கள். சேவ்களைத் தேடும்போது ரோமிங்கோடு நிற்காமல் ஆப்டேட்டாவில் இருக்கும் லோக்கல், லோக்கல்லோ இரண்டையும் பாருங்கள். டாக்குமெண்ட்ஸில் மை கேம்ஸ், நம் பெயருக்கு நேர் கீழே சேவ்டு கேம்ஸ், இவையும் உண்டு. டாக்குமெண்ட்ஸ் ஒன்டிரைவோடு இணைந்திருந்தால் ஒன்டிரைவ் ஃபோல்டருக்குள் தேட வேண்டும்.

ஞாயிறு சாயங்காலம் உலகம் திறந்தது. மகன் முதலில் அணை மேல் போய் நின்றான். அப்புறம் சுரங்கத்துக்குள் இறங்கி, குழாய் வழியாக லோயர் கேம்ப் வரை வந்து ஒவ்வொன்றாகச் சரிபார்த்தான். நினைவிலிருந்து வரைந்த தாளை வைத்து ஒத்துப் பார்த்ததில் ஒரு குழாய்க்கு இரண்டு கல்தான் வித்தியாசம்.

புதன்கிழமை வேலை முடிந்து வந்து சி டிரைவைத் திறந்து பார்த்தேன். விண்டோஸ்.ஓல்ட் இல்லை.